அண்ணி கட்டிய மூன்றாவது பொட்டலம்

1.

அண்ணி கேட்ட ஒரு கேள்வியில்தான் இந்தக் கதை பிறந்தது. "தம்பி, நீங்க கதை எழுதுறவர்தானே. மூணு செகண்டு ஆடியோ தானா ஆறு செகண்டு ஆகுமா?"

எனக்குத் தெரியாது என்றேன். அதில் பாதி பொய்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'ஒரு செயலியை மக்களிடம் கொண்டுசேர்ப்பது எளிதன்று. அதற்கு...' (அடித்துவிட்டேன். கட்டுரைப் போட்டி வாடை.)

2.

மாத்திரை நேரத்தை நினைவூட்டும் செயலி அது. அண்ணனும் அண்ணியும் சேர்ந்து செய்தார்கள். அண்ணன் இறந்து மூன்று மாதம் ஆகிறது. மிச்ச வேலையைத் தனியாக முடித்த அண்ணி, பேக்கேஜிங் டூல் ஒன்றை நிறுவினார். செயலியின் கோப்புகளையெல்லாம் அள்ளி ஒரே பொட்டலமாகக் கட்டும் கருவி. அந்தப் பொட்டலம்தான் ஊரார் போன்களுக்குப் போகும். உள்ளே, அண்ணன் சோதனைக்காகப் பேசி வைத்த குரலும் இருந்தது: "மாத்திரை போட்டாச்சா?" மூன்றே செகண்டு.

இரண்டாம் முறை கட்டியபோது பொட்டலம் இரு மடங்காக வீங்கியது. அண்ணி தலையில் அடித்துக்கொண்டார். கட்டி முடித்ததைச் செயலியின் ஃபோல்டருக்குள்ளேயே வைக்கும்படி கருவிக்குச் சொல்லியிருந்தார். கருவி பழைய பொட்டலத்தையும் சேர்த்து விழுங்கிவிட்டது. இந்தத் தொழிலில் எல்லோரும் ஒருமுறையாவது செய்கிற அசட்டுத்தனம். சிரித்துக்கொண்டே பிரித்துப் பார்த்தார். குரல் ஆறு செகண்டு ஓடியது.

"மாத்திரை போட்டாச்சா? நான் போடல."

(இறந்தவரைப் பேசவைப்பது மலிவான உத்தி என்று ஒரு வரைவில் அண்ணனை நீக்கினேன். அடுத்த வரைவில் வந்து உட்கார்ந்திருந்தார்.)

3.

அண்ணி பழையதை அழித்து, ஃபோல்டரை மாற்றி, மூன்றாவதைக் கட்டினார். அலுவலகத்தில், பட்டப்பகல். நானும் அவர் பக்கத்தில் இருந்தேன். பக்கத்து மேசையில் யாரோ சம்சாரத்துடன் போனில் சண்டை போட்டுக்கொண்டிருந்தார். பொட்டலத்தின் அளவு இப்போது சரியாக இருந்தது. குரல்தான் ஒன்பது செகண்டு.

"மாத்திரை போட்டாச்சா? நான் போடல. ஏன்னா..."

அண்ணி ஹெட்போனைக் கழற்றவே இல்லை. "இன்னொரு தடவை கட்டுனா மிச்சத்தையும் சொல்லிடுவாருல்ல, தம்பி?"

"வேணாம் அண்ணி. அந்தக் குரல் ஃபைலையே தூக்கிடுங்க."

"ஏன் வேணாங்குறீங்க?"

4.

வயிறு எரிகிறது என்று அண்ணன் புலம்பியபோது நான்

(நான்கு வரைவுகளில் இந்த வாக்கியம் இங்கேயே நின்றுவிட்டது.)

"இதய மாத்திரைய நாலு நாள் நிறுத்திப் பாரேன், ஒண்ணும் ஆயிடாது" என்று நான்தான் சொன்னேன். மூன்றாம் நாள் அவர் போய்விட்டார். அண்ணிக்கு இது தெரியாது. எனக்கு வெட்கமாக இருக்கிறது. அதைவிட, பயமாக இருக்கிறது.

முடிவுக்கு இரண்டு வழிகள் யோசித்தேன். ஒன்று, அண்ணி அந்தக் குரலை நீக்குகிறார், செயலி ஊருக்குப் போகிறது, நான் வழக்கம்போல ஞாயிறுதோறும் அவர் வீட்டில் சாப்பிடுகிறேன். இன்னொன்று, அவர் நான்காவது பொட்டலத்தைக் கட்டுகிறார். அதை என்னால் எழுத முடியாது. நான் எழுதாதவரை, பட்டன்மேல் இருக்கும் அவர் விரல் இறங்காது. முடிவு வேண்டுமென்றால் நீங்களே எழுதிக்கொள்ளுங்கள். கதை இங்கே முடிகிறது. ஐந்தாம் பகுதி கிடையாது.

5.

டேய், நீயே சொல்லிடு. இல்லன்னா நான் சொல்லவா?