நாலு ஐம்பத்தாறு

என் ஓரகத்தியை வயிற்றெரிச்சல் இல்லாமல் நான் ஒரு நாளும் பார்த்ததில்லை. கொழுந்தன் மனைவி, வீட்டில் எல்லாருக்கும் 'சின்னவ'. வந்து ஒரு வருஷம்தான் ஆகிறது. அதற்குள் மாமியார் வாயில் 'சின்னவளக் கேளு' என்பதைத் தவிர வேறு பேச்சில்லை. பதினொரு வருஷம் மாடாய் உழைத்த நான் கறிவேப்பிலை.

அரசு ஆஸ்பத்திரியில் எழுத்தர் வேலை, ஒரே ஒரு இடம். வயது வரம்புப்படி எனக்கு இதுதான் கடைசி வாய்ப்பு. அவளும் விண்ணப்பம் போடுகிறேன் என்றாள். இன்றைக்கு நாளைக்கு என்று இழுத்து, கடைசி நாளில்தான் உட்கார்ந்தோம். மாலை ஐந்து வரை நேரம், வீட்டில் இருந்ததோ ஒரே கம்ப்யூட்டர். பெரியவள் என்ற உரிமையில் முதலில் நான். நாலு மணிக்கே முடித்திருக்கலாம். அப்பா பெயரில் பிழை இருக்கிறதா என்று நாலரை வரை சரிபார்த்தேன். பிழை இல்லை என்று எனக்கு நன்றாகவே தெரியும்.

அவள் உட்கார்ந்ததும் சைட் திணற ஆரம்பித்தது. கட்டணப் பக்கத்தில் ஒரு வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. பின்னால் நின்று அதைப் போனில் படம் எடுத்து என் தங்கைக்கு அனுப்பினேன். கூடவே ஒரு வரி: 'சுத்தட்டும், நல்லா சுத்தட்டும்.' ஐந்து மணிக்குத் திரையில் 'காலக்கெடு முடிந்தது' என்று வந்தது. அன்று நிம்மதியாகத் தூங்கினேன்.

அவள் விடவில்லை, கோர்ட்டுக்குப் போனாள். அதுவும் எனக்குப் பொறுக்கவில்லை. ஒழுங்காக நேரத்துக்கு அனுப்பிய என்னை விசாரிக்க ஒரு நாதி இல்லை. கோட்டை விட்டவளுக்காக வீடே படை திரண்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வக்கீல் வீட்டுக்கே வந்தார்.

"சைட்ல கோளாறே இல்லன்னு தேர்வு வாரியம் பதில் போட்டிருக்கு. அதே வீட்டுலேர்ந்து இன்னொருத்தர் அன்னைக்கே அனுப்பியிருக்காங்களேன்னு கேக்குது. வாயால சொன்னா ஜட்ஜ் ஒத்துக்க மாட்டார்மா. ஆதாரம் வேணும்."

எல்லாரும் என் பக்கம் திரும்பினார்கள், ஏதோ நான் குற்றம் செய்ததுபோல. ஆனாலும் இத்தனை நாள் கழித்து என்னைப் பார்த்தார்களே! அந்த ருசியில் வாய் முந்திக்கொண்டது.

"எங்கிட்ட போட்டோ இருக்கு."

மாமியார் என் கையைப் பிடித்துக்கொண்டார். "பெரியவ பெரியவதான்." எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. படத்தை மட்டும் காட்டினேன்.

வக்கீல் உற்றுப் பார்த்தார். "இதுல டைம் தெரியலையே. யாருக்காவது அனுப்பினீங்களா? அந்த மெசேஜ அப்படியே காட்டுங்க, மணி இருக்கும்."

அழித்துவிட்டேன் என்று சொல்லியிருக்கலாம். அதற்குள் சின்னவள் கண் கலங்கி, "அக்கா, நீங்க தெய்வம்க்கா" என்றாள். போன் கைமாறிவிட்டது.

வக்கீல் உரக்கப் படித்தார். "நாலு ஐம்பத்தாறு. சுத்தட்டும், நல்லா..." அதோடு நிறுத்திக்கொண்டார். மாமியார் என் கையை விட்டார்.

"ஆதாரம் பலமாத்தான் இருக்கு," என்று வக்கீல் இருமினார்.

வழக்குக் காகிதங்களில் என் வாசகம் நான்காவது இணைப்பு. கோர்ட் அவள் விண்ணப்பத்தை ஏற்கச் சொல்லிவிட்டது. இருவரும் பரீட்சை எழுதினோம். மெசேஜைப் பற்றி அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது.

முடிவு வந்த நாள் அதே கம்ப்யூட்டர், அதே நாற்காலியில் அவள், பின்னால் நான். மறுபடியும் வட்டம் சுற்றியது. எனக்கு வரணும், அவளுக்கு வரக்கூடாது, இரண்டையும் ஒரே மூச்சில் வேண்டிக்கொண்டேன். வட்டம் நின்றது. ஒரே ஒரு நம்பர், அவளுடையது.

மாமியார் அழுதார், கொழுந்தன் குதித்தான். சின்னவள் நாற்காலியோடு என் பக்கம் திரும்பி, முகம் நிறையச் சிரித்தாள்.

"இதையும் ஒரு போட்டோ எடுத்து உங்க தங்கச்சிக்கு அனுப்புங்கக்கா."