பெட்டகம் உடைத்த மாமா

மாமா சிறையிலிருந்து வெளியே வந்த அன்று, அவரை அழைத்துவர அவர் மனைவியான அக்காவும், அவள் தம்பியும் காரில் போனார்கள். மாமா முன்பு கேக் கடையில் வேலை பார்த்தவர். எதிர் அடகுக்கடையின் பெட்டகம் திறக்கப்பட்ட மறுநாள், நகை மூட்டையும் கையுமாக அந்த அடகுக்கடை வாசலிலேயே பிடிபட்டார். "நான்தான்" என்று ஒரே சொல்லில் ஒப்புக்கொண்டார். மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்த தம்பி அதன்பின் தெருவில் தலைநிமிர்ந்து நடந்ததில்லை.

வழி நெடுக மாமா தன் பெருமை பேசினார்.

"உள்ள பெரிய பெரிய திருடனெல்லாம் என்னை குருன்னுதான் கூப்பிடுவான், மாப்ள. தொழில் ரகசியம் கேட்டா கண்ண மூடிட்டுச் சிரிப்பேன். கும்பிட்டுப் போயிடுவான்."

தம்பிக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

பாலத்தருகே காலாற இறங்கினார்கள். சாவி உள்ளே இருக்க, கதவுகள் பூட்டிக்கொண்டன. பின்னால் வண்டிகள் தேங்கின. போக்குவரத்துக் காவலர் வந்தார்.

"இவர் திறப்பாரு. பெட்டகமே திறந்தவரு," என்றான் தம்பி கடுப்பாக.

காவலர் தொப்பியைச் சரிசெய்துகொண்டார். "அந்தக் கேஸ் நீங்களா? ஆரம்பிங்க சார்." கூட்டத்தை விலக்கி நின்றார்.

மாமா ஒரு கம்பியை வாங்கிக் குத்தினார், நெம்பினார். பெயின்ட்தான் உரிந்தது. கடைசியில் கதவைத் தட்டிப் பார்த்தார்.

"பழக்கம் விட்டுப்போச்சு போல," என்று காவலர் தேற்றினார்.

"தள்ளுங்க," என்றாள் அக்கா. தையல் மெஷின் பழுதுபார்ப்பவள். குடையிலிருந்து ஒரு கம்பியை உருவி, கதவில் காது வைத்து, லேசாகத் திருப்பினாள். கதவு திறந்தது.

காவலர் மாமாவுக்கு சல்யூட் வைத்தார். "நல்லா சொல்லிக் குடுத்திருக்கீங்க சார்."

கார் பாலத்தைத் தாண்டியதும் தம்பி அக்காவின் பக்கம் திரும்பினான்.

"ஏன்க்கா?"

"இந்தப் பெட்டகத்த எந்தக் கொம்பனாலயும் திறக்க முடியாதுன்னு அந்த அடகுக்கடைக்காரன் தினமும் பீத்திக்கிட்டான்டா. கேட்டுக் கேட்டுக் காது புளிச்சுப்போச்சு."

"நகையத் திருப்பி வைக்கப் போனேன், மாட்டிக்கிட்டேன்," என்றார் மாமா. "உங்க அக்கா ஜெயிலுக்குப் போயிருந்தா, ஒரு பூட்டையும் விட்டிருக்க மாட்டா."

தம்பி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டான்.

"பசிக்குதா மாமா?" என்றான். காலையிலிருந்து அவரிடம் அவன் கேட்ட முதல் கேள்வி அதுதான்.