பறக்கிற துரைக்கு ஒரு மீசை

மழை விட்ட மத்தியானங்களில் இசக்கிப்பாண்டி பறப்பான்.

தாராவித் தோல் கிடங்கில் சாப்பாட்டு மணி அடித்ததும் உப்பு உதறிய ஆட்டுத்தோல் அடுக்கின்மேல் மல்லாந்து படுப்பான். கண்ணை மூடினால் போதும். தகரக் கூரை சட்டி மூடியைப் போலச் சத்தமில்லாமல் நகரும். கழுத்தில் கட்டிய சிவப்புத் தோல் படபடக்க அவன் மேலே கிளம்புவான். கீழே சாக்குப் படுதாக்களும் புகையும் சிறுத்துப் போகும். மாட்டுங்கா மாடி வீடுகளில் இருந்து காப்பி மணம் அவன் கணுக்கால் வரை வந்து திரும்பும். செம்பூர்ப் பக்கத்து ஆலைப் புகைபோக்கிகளைக் கையால் லேசாக ஒதுக்கிவிட்டு, கிழக்கே திரும்பும்போது மணி மறுபடி அடித்துவிடும். கூரை மூடிக்கொள்ளும். தோல் நாற்றம் மட்டும் கனவுக்குள்ளும் வெளியிலும் ஒன்றுபோலவே இருக்கும்.

இந்தப் பறப்பை அவனுக்குக் கற்றுக் கொடுத்தவள் செண்பகவல்லி.

அவளும் அவள் தாய் மீனாட்சியம்மாளும் பழைய காகிதத்தில் பை ஒட்டிக் கடலைக்காரர்களுக்குக் கொடுப்பவர்கள். கோட்டைப் பக்கத்துப் பெரிய வீடுகளில் கழித்துப் போட்ட காகிதம் மூட்டை மூட்டையாக அந்தக் குடிசைக்கு வரும். அதற்குள் சில நாள் இங்கிலீஷ் படக்கதைப் புத்தகம் கிடக்கும். அதன் கெட்டி அட்டையை மிட்டாய்ப் பெட்டிக்காரன் முன்கூட்டியே கிழித்து எடுத்துப் போயிருப்பான். ஆகவே கதாநாயகனின் பெயர் யாருக்கும் தெரியாது. வெள்ளைக்காரன், பறக்கிறான், ஆகவே 'பறக்குற தொரை'. தலையில் கூம்புக் குல்லாய், கண்ணைச் சுற்றி முகமூடி, முதுகில் பறக்கும் துணி, இடுப்பில் முழங்காலுக்கு மேலே நின்றுவிட்ட சல்லடம், கையில் மின்னல் மாதிரி வளைந்த ஒரு கோல்.

செண்பகவல்லி முனிசிபாலிட்டிப் பள்ளிக்கூடத்தில் கொஞ்ச காலம் படித்தவள். படத்துக்குள் கத்துகிற சிறிய சொற்களைப் படித்துவிடுவாள். பெரிய சொற்களைத் தாண்டிக் குதித்து, மிச்சத்தைச் சொந்தமாகச் சொல்வாள். அப்படிச் சொன்ன கதையே நன்றாக இருந்தது என்பது குழாயடியில் கூடியவர்களின் தீர்ப்பு. கதை முடிகிறவரை இசக்கிப்பாண்டி தன் வாளியைப் பின்னுக்கு நகர்த்தி நகர்த்தி எல்லோரையும் முன்னால் விடுவான். ஊரே அவனைப் பரோபகாரி என்று நினைத்தது.

கடைசியாக வந்த புத்தகத்தில் ஒற்றைக்கண்ணன் ஒருவன் துரையின் கோலைப் பிடுங்கிக்கொண்டான். கோல் போனால் பறக்க முடியாது. வானத்தைத் தொடுகிற கட்டிடத்தின் உச்சியில் இருந்து துரை விழுகிறார். கீழே மஞ்சள் முடிக்காரி ஒருத்தி அண்ணாந்து பார்க்கிறாள். அதோடு சரி.

"பொறவு?" என்று குழாயடியே கேட்டது.

"பொறவு என்ன பொறவு? கடைசித் தாளை எங்கம்ம பையா ஒட்டிட்டா" என்றாள் செண்பகவல்லி. "தாதர்ல எவனோ கடலையத் தின்னுட்டுத் தொரையக் கசக்கிப் போட்டிருப்பான்."

அன்றிலிருந்து துரை நடுவானத்திலேயே தொங்கிக்கொண்டிருந்தார்.

இசக்கிப்பாண்டிக்கும் செண்பகவல்லிக்கும் கல்யாணப் பேச்சு ஏறக்குறைய முடிந்திருந்தது. அவன் தாய் முப்பிடாதியம்மாள் கேட்டிருந்தாள். மீனாட்சியம்மாளும், சுடலைமாடன் கோயில் கொடைத் திருவிழா முடியட்டும், பரிசம் போட்டுவிடலாம் என்று சொல்லியிருந்தாள். ஆனால் அவனுக்கு அது போதவில்லை. மஞ்சள் முடிக்காரி அண்ணாந்து பார்த்தாளே, அப்படிச் செண்பகவல்லி தன்னை ஒரு தடவை பார்க்க வேண்டும். அதற்கு வழி தேடித்தான் ஒரு ஞாயிற்றுக்கிழமை சயான் ஸ்டேஷன் பாலத்தடிக்குப் போனான்.

அங்கே குடைக்கு அடியில் பச்சை குத்துகிற வடக்கத்திப் பையா ஒருவர் பாட்டரி மிஷினோடு உட்கார்ந்திருப்பார். என்ன குத்துவது என்று தெரியாமல் வருகிறவர்களுக்காக ஒரு பலகை சாத்தியிருக்கும். ஓம், தேள், ரோஜாப்பூ, அம்பு பாய்ந்த இதயம், மலையைத் தூக்கிய அனுமார், மீசை வைத்த பயில்வான். உலகத்தில் ஒரு மனிதன் தன் உடம்பில் எழுதிக்கொள்ளக்கூடிய ஆசைகள் இவ்வளவுதான் என்பது பையாவின் கொள்கை.

இசக்கிப்பாண்டி, செண்பகவல்லியிடம் வாங்கி மடித்து வைத்திருந்த படக்கதைத் தாளை நீட்டினான்.

"யே கௌன் பக்வான்?" இது எந்தச் சாமி என்று கேட்டார் பையா.

"பக்வான் நஹி. ஹீரோ."

"ஹீரோ? கௌன்ஸா பிக்சர் கா?" எந்தப் படத்தில் வந்தவனாம்?

பையாவுக்கு அந்தத் துரை பிடிக்கவில்லை. ஆனாலும் குத்த ஆரம்பித்தார். மிஷின் வண்டு மாதிரி நெஞ்சுக்குள் ரீங்கரித்தது. இசக்கிப்பாண்டி பல்லைக் கடித்துக்கொண்டு பாலத்துக்கு மேலே போகிற மேகங்களைப் பார்த்தான். ஒவ்வொரு மேகமும் போகும்போது தன் உடம்பில் இருந்து ஒரு படி கனத்தை எடுத்துப் போகிற மாதிரி இருந்தது. வலிக்கிற இடம் எங்கோ கீழே கிடந்தது.

எழுந்து கண்ணாடியில் பார்த்தபோது துரைக்கு மீசை இருந்தது. காது வரை முறுக்கிய மீசை.

"அரே, மூச் கே பினா ஔரத் லகேகா" என்றார் பையா. மீசை இல்லாவிட்டால் பொம்பளையாகத் தெரியுமாம். அது மட்டுமல்ல. முகமூடி அவருக்கு வரவில்லை. அதற்குப் பதிலாக இரண்டு உருட்டு விழிகள். மின்னல் கோல் நிமிர்ந்து, சாமி கையில் இருக்கிற ஈட்டி மாதிரி வல்லயம் ஆகியிருந்தது.

வீட்டில் புண்ணுக்கு எண்ணெய் போடச் சட்டையைத் திறந்த முப்பிடாதியம்மாள் இரண்டடி பின்னால் போனாள். அடுத்த நிமிஷம் தெரு முழுவதும் கேட்கிற மாதிரி ஒரு குலவை.

"ஏ எங்கையா! சொடலமாடா! எம்புள்ள நெஞ்சுல வந்து நிக்கியா!"

கூம்புக் குல்லாய், உருட்டு விழி, மீசை, சல்லடம், வல்லயம். திருநெல்வேலிச் சீமையில் பிறந்த யாருக்கும் சந்தேகம் வராது. அம்மா விளக்கேற்றினாள். அண்டை வீட்டார் கற்பூரம் கொண்டுவந்தார்கள். சூடு தாங்காமல் இசக்கிப்பாண்டி நெளிந்ததை, சாமி இறங்குகிறார் என்று அர்த்தம் செய்துகொண்டார்கள்.

சேதி கேட்டுப் பூலோகம் அண்ணாச்சி வந்து சேர்ந்தார். அவர் தாராவி நெல்லைச் சீமைச் சுடலை பக்தஜன ஐக்கிய சங்கத்தின் நிரந்தரத் தலைவர். 'நிரந்தர' என்ற சொல்லை அவரே சேர்த்துக்கொண்டார். சும்மா தண்ணீர் கேட்டால்கூட ஒலிபெருக்கி முன்னால் நிற்கிற மாதிரி கேட்பார். அந்த வருஷம் அவருக்கு இரண்டு துக்கம். போட்டிக்காரர்களான ஆண்டாப் ஹில் சங்கத்தார் தங்கள் கொடைக்குக் குழல்விளக்கு கட்டி ஜோடித்துவிட்டார்கள். இங்கேயோ, வழக்கமாகச் சாமியாடுகிற வெயிலுமுத்துவுக்குக் கொடையன்று செம்பூர் ஆலையில் லீவு கிடைக்கவில்லை.

தலைவர் அந்த நெஞ்சை நெடுநேரம் பார்த்தார். அதில் குழல்விளக்கைவிடப் பிரகாசமான ஒன்றைக் கண்டார்.

"அன்பர்களே! சுயம்பு! சுடலையாண்டவர் தானாகத் தோன்றியிருக்கிறார்!"

"தானா தோணல அண்ணாச்சி" என்றான் இசக்கிப்பாண்டி. "சயான்ல போயி குத்துனேன்."

"குத்துனவன் யாருலே?"

"ஒரு பையா."

"அந்தப் பையாவுக்கு மீசை வைக்கணும்னு தோணிச்சே, தோண வச்சது யாரு? சொல்லு பாப்பம்!"

கூட்டம் 'ஆகா' என்றது. இசக்கிப்பாண்டி கடைசி ஆயுதமாகப் படக்கதைத் தாளை எடுத்து நீட்டினான். தலைவர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். கண் கலங்கிவிட்டது.

"பாத்தியளா! வெள்ளக்காரனும் நம்ம சொடலையப் பாத்துத்தான்வே வரஞ்சிருக்கான். மீசையத்தான் விட்டுட்டான், மடையன்."

வெயிலுமுத்துவுக்குப் பதில் இந்தக் கொடைக்குச் சாமியாடப்போவது அவன்தான் என்று முடிவாயிற்று. அதற்குப் பிறகு இசக்கிப்பாண்டியின் உடம்பு சங்கத்துச் சொத்தானது. சட்டை போடக்கூடாது. ஓட்டலில் சாப்பிடக்கூடாது. கிடங்குக்குப் போனால் முதலாளி ஜெயினுலாப்தீன், "உங்காளுங்க வந்து சொல்லிட்டுப் போனாங்கப்பா, சாமிய தோல் தூக்க வச்சா எனக்கு எதுக்கு வம்பு?" என்று வாசலிலேயே நிறுத்திக் கணக்குப்பிள்ளை நாற்காலியைக் காட்டினார். உட்கார்ந்தபடி பறக்க வரவில்லை. தோலடுக்கு இல்லாமல் கூரை திறக்க மறுத்தது.

எல்லாவற்றையும் பொறுத்திருப்பான். ஆனால் ஒரு காலையில் மீனாட்சியம்மாள் வெற்றிலை பாக்கோடு வந்து, முற்றத்துக்கு வெளியிலேயே நின்று, கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"ஏ அத்த, உள்ள வாங்க" என்றான் அவன்.

"சாமி என்னைய அத்தன்னு சொல்லலாமா? ஒங்களப் போயி மருமவனேன்னு கூப்பிட என் நாக்கு வருமா? நாளைக்கி ஒரு கோவத்துல எம்மவ ஒரு சொல்லு சொல்லிட்டா குடும்பம் வெளங்குமா? மான்குர்த்துல ஒரு பையன் இருக்கான், லாரி மெக்கானிக்கு. சாமிதான் கொடையன்னிக்கி திருநீறு பூசி அனுப்பி வைக்கணும்."

வெற்றிலையை வைத்துவிட்டு, திரும்பாமல் பின்பக்கமாகவே நடந்து போனாள். சாமிக்கு முதுகு காட்டக்கூடாது அல்லவா?

இசக்கிப்பாண்டி குனிந்து தன் நெஞ்சைப் பார்த்தான். தலைகீழாகத் தெரிந்த துரை மீசையை முறுக்கிக்கொண்டு சிரித்தார். எந்தக் கண் தன்னைப் பார்க்க வேண்டும் என்று ஊசிக்கு நெஞ்சைக் கொடுத்தானோ, அந்தக் கண் இன்னொருத்தனோடு மான்குர்த்துக்குப் போகப்போகிறது. குழாயடிக்குப் போனால் எல்லோரும் விலகி வழிவிட்டார்கள். வாளி உடனே நிறைந்தது. கதை கேட்க நேரமே இல்லை. செண்பகவல்லி தலை நிமிரவும் இல்லை.

கொடையன்று உச்சிப்பொழுதில் மேளம் கொட்டத் தொடங்கியது. அவனுக்குச் சல்லடம் கட்டி, கூம்புக் குல்லாய் வைத்து, கையில் வல்லயத்தைக் கொடுத்தார்கள். மணி கட்டிய சல்லடம் முழங்காலுக்கு மேலே நின்றது. அசல் துரையே வந்து பார்த்திருந்தால் தன் உடுப்பைக் களவு கொடுத்துவிட்டதாகப் போலீசில் சொல்லியிருப்பார்.

நடிக்கலாம் என்றுதான் அவன் காலை எடுத்து வைத்தான். ஆனால் மேளம் அவனைக் கேட்காமல் தூக்கிக்கொண்டது. சாம்பிராணிப் புகை சுருண்டு எழுந்தது. குலவைச் சத்தம் தண்ணீருக்கு அடியில் கேட்பதுபோல் தூரப் போனது. பாதத்துக்கு அடியில் மண் இருக்கிறதா என்று அவனுக்குத் தெரியவில்லை. தகரக் கூரைகள் வெயிலில் உருகி ஓர் ஏரியாகக் கிடந்தன. அதன்மேல் அவன் நிழல் மட்டும் தனியாகப் போயிற்று. பெயரில்லாத அந்தத் துரையும் சுடலையும் தானும் ஒரே காற்றைத்தான் மூச்சுவிடுகிறோம் என்று தோன்றியது. மூவரில் ஒருவனுக்கு மட்டும் கல்யாணம் நின்றுபோயிருந்தது.

குறி கேட்கிறவர்கள் வரிசையாக வந்தார்கள். அவன் ஏதோ முனகினான். அதைத் தலைவர் மேடைத் தமிழில் பெயர்த்துச் சொன்னார். முனகல் ஒரு சொல் என்றால் பெயர்ப்பு ஒன்பது சொல்.

அப்புறம் செண்பகவல்லி வந்து நின்றாள். தலையை நிமிர்த்தி, அண்ணாந்து, நேராக அவன் நெஞ்சைப் பார்த்தாள்.

"சாமி, ஒருத்தரு ஒசந்த எடத்துலேருந்து விழுந்துட்டாரு. கையில கோல் இல்ல. கீழ ஒருத்தி பாத்துக்கிட்டு நிக்கா. அவரு பொழச்சாரா இல்லியா?"

மேளம் தயங்கியது. "யாரும்மா விழுந்தது? கட்டிட வேலையா?" என்றார் தலைவர்.

"எங்களுக்கு ரொம்பத் தெரிஞ்சவருதான் அண்ணாச்சி."

இசக்கிப்பாண்டிக்கு நெஞ்சில் மறுபடி மிஷின் ஓடியது. இவளுக்குத் தெரியும். மீசைக்கும் உருட்டு விழிக்கும் அடியில் இருக்கிறது யார் என்று முதல் நாளே தெரிந்திருக்கிறது. ஊர் முழுக்கக் கற்பூரம் காட்டியபோது ஒரு சொல் சொல்லாமல் இருந்திருக்கிறாள். இப்போது வந்து கடைசித் தாளைக் கேட்கிறாள். ஒட்டிப்போன தாளை அவன் எங்கே போய்ப் பிரிப்பான்?

வல்லயத்தைக் கீழே போட்டான். கூட்டம் மூச்சை இழுத்தது.

"விழுந்துட்டான்" என்றான். முனகாமல், எல்லோருக்கும் கேட்கிற மாதிரி. "விழுந்து, காலு ஊனி எந்திரிச்சிட்டான். இனிமே பறக்க வராது. கோலும் வேண்டாம், குல்லாயும் வேண்டாம். சட்டையப் போட்டுக்கிட்டு நடந்தே அவ வீட்டுக்குப் போறான். அவளப் பெத்தவ கதவத் தொறப்பாளா, அதக் கேளு."

சொல்லிவிட்டுக் குல்லாயைக் கழற்றித் தலைவர் கையில் கொடுத்தான். தலைவர் அதைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். பிறகு ஆண்டாப் ஹில்காரர்கள் இரண்டு பேர் கூட்டத்தில் நிற்பது கண்ணில் பட்டது. குல்லாயை உயரத் தூக்கிப் பிடித்தார்.

"அன்பர்களே! சாமி மலையேறிவிட்டார்! மனித உருவில் நடந்தே வீடு வருவதாக அருள்வாக்கு! ஆண்டாப் ஹில்லில் எந்தச் சாமியாவது நடந்து வந்ததுண்டா?"

மீனாட்சியம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். "நடந்து வாரேன்னு சாமியே சொன்ன பொறவு கதவ அடைக்க நான் யாரு? மான்குர்த்துக்காரனுக்கு இன்னிக்கே சொல்லி விட்டுருதேன்."

அடுத்த வாரம் குழாயடியில் இசக்கிப்பாண்டி பித்தான்களையெல்லாம் பூட்டிய சட்டையோடு வரிசையில் நின்றான். இப்போது யாரும் வழிவிடவில்லை. ஒருத்தி அவன் வாளியைக் காலால் தள்ளிக்கூட விட்டாள். அவனுக்கு அது தேனாக இருந்தது.

"சட்டையத் தொறங்க, பாப்பம்" என்றாள் செண்பகவல்லி. மேல் பித்தான் இரண்டைக் கழற்றினான். அவள் எட்டிப் பார்த்தாள்.

"குல்லா சரியா இருக்கு. துணியும் நல்லாத்தான் பறக்கு. இந்த மீசைய அழிக்க முடியாதா?"

"முடியாதாம். செத்தாலும் போகாதாம்."

"கெடக்கட்டும்." அவள் வாளியைக் குழாய்க்கடியில் தள்ளினாள். "மீசையில்லாத மாப்பிள்ளைக்கு எங்கம்ம பொண்ணு குடுக்க மாட்டா."

அன்று மத்தியானம், மறுபடி கிடைத்த தோலடுக்கின்மேல் அவன் கண்ணை மூடினான். கூரை திறந்தது. ஆனால் அவன் கிளம்பவில்லை. அண்ணாந்து பார்த்தபடி கிடந்தான். மேலே மீசை வைத்த துரை ஒருவர், பிழைத்துக்கொண்ட சந்தோஷத்தில், செம்பூர்ப் பக்கமாக மெல்லப் போய்க்கொண்டிருந்தார்.