வெண்கலத்துக்கு மதம் ஏது

எங்கள் ஊரின் பெயர் குவாவ். இங்கிலீஷ்காரர்கள் அதற்குத் தங்கள் ராணியின் பெயரை வைத்தார்கள். அந்தப் பெயரைச் சொல்லி இங்கே யாரும் யாரிடமும் வழி கேட்டதில்லை.

நான் ஒனொரின் லக்காஸ். கிரெனடா தீவில் லக்காஸ் குடும்பத்தார் கோயிலைத் தவிர வேறெங்கும் குனிந்ததில்லை. கோயில் மணிக்கும் என் பெயர்தான். என் தகப்பனார் அதைப் பிரான்சில் வார்க்கச் சொல்லிக் கப்பலில் வரவழைத்தார். கோபுரத்தில் ஏற்றுவதற்கு முன் சாமியார் அதற்கு ஞானஸ்நானம் கொடுத்தார். குழந்தையைப் போலவே அதை உள்ளும் புறமும் கழுவி, பரிசுத்த தைலம் பூசி, மரி ஒனொரின் என்று பெயரிட்டார். ஞானத்தாயாக நின்றவள் நான். அப்போது எனக்குக் கல்யாணம்கூட ஆகவில்லை. மணியின் மேல் கையை வைத்து, இவள் வேதம் மாறாமல் பார்த்துக்கொள்வேன் என்று மனதுக்குள் வாக்குக் கொடுத்தேன். எங்கள் தாய் கறுப்பி என்பதால் வெள்ளைக்காரிகள் பின்னால் நின்று முணுமுணுத்தார்கள். முணுமுணுக்கட்டும். மணியில் வார்த்திருப்பது அவர்கள் பெயர் இல்லை.

இரண்டாம் முறை தீவு பிரெஞ்சுக்காரரிடமிருந்து இங்கிலீஷ்காரர் கைக்குப் போனபோது எங்கள் கத்தோலிக்கக் கோயிலையும் கோயில் நிலத்தையும் தங்கள் புராட்டஸ்டன்ட் சபைக்கு எழுதிக்கொண்டார்கள். மாதா, புனிதர் சுரூபங்களை வெளியே வைத்தார்கள். நாங்கள் அவற்றைத் தூக்கிக்கொண்டு வந்து என் கொக்கோ கொட்டகையில் வைத்தோம். பூசையும் அங்கேதான். அதையெல்லாம் பொறுத்துக்கொண்டேன். ஆனால் அடுத்த ஞாயிற்றுக்கிழமை அவர்களுடைய ஆராதனைக்குக் கோபுரத்திலிருந்து என் பிள்ளை ஊரைக் கூப்பிட்டாள். அதை எப்படிப் பொறுப்பது?

மறுநாள் நல்ல உடுப்பு உடுத்திக்கொண்டு பாதிரி ஹாலெட்டைப் பார்க்கப் போனேன். என் தம்பி அன்செல்ம் கூடவே வந்தான், என்னைத் தடுப்பதற்காக.

"அக்கா, வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இரு. எனக்கு நிலம் இருக்கு, பிள்ளைங்க இருக்கு."

"எனக்கும் பிள்ளை இருக்கு. அதோ மேல தொங்குறா."

பாதிரி ஹாலெட் சின்ன வயதுக்காரர். எங்கள் மொழியை வாயில் கூழாங்கல்லைப் போட்டுக்கொண்டு பேசுவதுபோல் பேசுவார். மணி எங்கள் வேதத்துக்காரி, உங்கள் ஆராதனைக்கு அவளை அடிக்கக் கூடாது என்று நான் சொன்னதும் சிரித்தார்.

"அம்மா, அது வெண்கலம். வெண்கலத்துக்கு மதம் ஏது? அது வெறும் சத்தம். காதுல விழறவங்க அவங்கவங்களுக்குத் தோணுறதை நெனச்சுக்க வேண்டியதுதான்."

"இதை ஊரறியச் சொல்லலாமா?"

"தாராளமா."

"சந்தோஷம்," என்று எழுந்துவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமைதான் எங்கள் ஊரில் சந்தை. மலைத் தோட்டங்களின் அடிமைகளுக்கு அந்த ஒரு நாள்தான் சொந்த நாள். தாங்கள் பயிரிட்ட வள்ளிக்கிழங்கும் மரவள்ளியும் கொண்டுவந்து கோயில் வாசலிலேயே கடை போடுவார்கள். இங்கிலீஷ் துரைமார் ஆராதனைக்குப் போகவேண்டுமானால் அந்தக் கூட்டத்துக்கு நடுவே குதிரையை விடவேண்டும்.

மணி அடித்தது. நான் சந்தையின் நட்ட நடுவில் முழங்கால் போட்டேன். "ஆண்டவருடைய சம்மனசு" என்று, கோயில் மணி கேட்டதும் நாங்கள் சொல்லும் திரிகால ஜெபத்தைத் தொடங்கினேன். மணி ஓயும்வரை எழுந்திருக்கக் கூடாது என்பது எங்கள் வீட்டு வழக்கம்.

மரவள்ளி விற்கும் ஸபெத் கூடைக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள்.

"என்ன மதாம், காசு ஏதும் கீழ விழுந்துடுச்சா?"

"மணி அடிக்குது. காதுல விழல?"

"அது அவங்க மணியாச்சே."

"யார் சொன்னா? அவ என் ஞானப்பிள்ளை."

ஸபெத் கொஞ்சம் யோசித்தாள். "எங்க அம்மாவைப் புதைச்சப்பவும் இவதான் அழுதா," என்று சொல்லி, கூடையை ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு முழங்கால் போட்டாள். அவளைப் பார்த்து அடுத்தவள். அப்படியே மீன் பலகை வரைக்கும்.

குதிரைகள் நின்றுவிட்டன. துரைமார் கத்தினார்கள். ஆட்கள் இன்னும் வரவில்லையே என்று பாதிரி மேலும் அடிக்கச் சொன்னார். அடிக்க அடிக்க நாங்கள் எழுந்திருக்கவில்லை. நாங்கள் எழுந்திருக்காததால் ஆட்கள் வரவில்லை. ஒருவழியாக மணி ஓய்ந்தபோது மாஜிஸ்திரேட்டின் மனைவி வெயிலில் வாடிப்போய் வீட்டுக்குத் திரும்பியிருந்தாள்.

அந்த வாரமே மாஜிஸ்திரேட் என்னை வரவழைத்தார்.

"வழியை மறிச்சு முழங்கால் போட்டது நீதானா?"

"நீங்கதானான்னு கேளுங்க. உங்க அம்மா வயசு எனக்கு."

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "உங்க வேதக்காரங்க தெருவில் ஊர்வலம் போகக் கூடாதுன்னு சட்டம் இருக்கு. தெரியுமில்ல?"

"தெரியும். நாங்க ஒரு அடிகூட நகரலையே."

யாரோ பின்னால் சிரித்தார்கள். நான் திரும்பிப் பார்க்கவில்லை.

"மணி எதுக்கு அடிக்குதுன்னு தெரிஞ்சும்—"

"அது வெறும் சத்தம், அவங்கவங்களுக்குத் தோணுறதை நெனச்சுக்கலாம்னு பாதிரியாரே சொன்னார். ஊரறியச் சொல்ல அனுமதியும் கொடுத்தார். அதோ உட்கார்ந்திருக்கார், கேளுங்க."

பாதிரி ஹாலெட்டின் காதுகள் சிவந்தன. அவர் பொய் சொல்லவில்லை. அதற்காக அவரை இன்றும் மதிக்கிறேன்.

மாஜிஸ்திரேட் குரலைத் தாழ்த்தினார். "இந்தத் தடவை எச்சரிக்கை. மறுபடி நடந்தா உங்க கொக்கோத் தோட்டத்தைப் பத்திப் பேச வேண்டிவரும்."

வெளியே வந்ததும் அன்செல்ம் என் கையைப் பிடித்துக்கொண்டான். "போதும் அக்கா. அப்பா சம்பாதிச்ச நிலம் அது."

"மணியும் அப்பா வாங்கினதுதான்," என்றேன்.

ஞாயிறு வந்தது. சந்தை நடுவில் போய் நின்றேன். தோட்டத்தைப் பற்றிய பேச்சு ஊர் முழுவதும் பரவியிருந்தது. மாஜிஸ்திரேட் குதிரைமேல் உட்கார்ந்து முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். தனியாக முழங்கால் போடவேண்டியிருந்தால் போடுவேன். ஆனால் தனியாக நிற்கிற கிழவியைச் சட்டம் சுலபமாகத் தூக்கிவிடும், அதுவும் எனக்குத் தெரியும்.

முதல் அடி விழுந்தது. நான் முழங்கால் போடுவதற்குள் ஸபெத் போட்டுவிட்டாள். "நீங்க லேட்டு மதாம்," என்றாள். அந்தப் பக்கம் மீனவர்கள், இந்தப் பக்கம் தச்சர்கள். என் பக்கத்தில் யாரோ முனகிக்கொண்டே கீழே இறங்கினார்கள். அன்செல்ம். புதுப் பட்டுக் கால்சட்டை. கீழெல்லாம் மீன் செதில்.

"நாசமாப் போச்சு," என்றான்.

"ஜெபத்தைச் சொல்லு."

மாஜிஸ்திரேட் எங்களைப் பார்த்தார். பிறகு சந்தை முழுவதையும் பார்த்தார். ஒரு தோட்டத்தைப் பிடுங்கலாம். ஒரு ஊரை எங்கே கொண்டுபோய் அடைப்பது? குதிரையைத் திருப்பிக்கொண்டு போனார்.

அதன் பிறகு பாதிரி ஹாலெட் மணியை அடிக்கச் சொல்லவில்லை. கயிற்றைச் சுருட்டிக் கட்டிவிட்டார்கள். "பார்த்தியா, இப்ப நமக்கும் இல்லாமப் போச்சு," என்றான் அன்செல்ம். இல்லாமல் போகட்டும். என் பிள்ளை வாயை மூடிக்கொண்டிருக்கிறாள். வேதம் மாறவில்லை.

ஆனாலும் ஆராதனைக்கு ஆட்களைக் கூப்பிட ஏதாவது சத்தம் வேண்டுமே. பாதிரி வெளியூர்க்காரர். ஊர் வழக்கம் அவருக்கு யாரும் சொல்லவில்லை, சொல்லவேண்டிய கடமையும் எங்களுக்கு இல்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை கோயில் படியில் ஒரு ஆளை நிறுத்திச் சங்கு ஊதச் சொன்னார்.

குவாவில் சங்கு ஊதினால் ஒரே அர்த்தம்தான். மீன் படகு வந்துவிட்டது, சங்கு ஊதுகிற இடத்தில் மீன் கிடைக்கும்.

ஊரே கிளம்பியது. பெண்கள் சுரைக்குடுக்கையோடும் தட்டோடும் ஓடிவந்தார்கள். பூனைகளும் வந்தன. ஸபெத் எல்லாரையும் முழங்கையால் இடித்துக்கொண்டு முன்வரிசையில் இடம்பிடித்து, எனக்கும் ஒரு இடம் வைத்திருந்தாள். நான் வீட்டிலேயே பெரிய பீங்கான் தட்டை எடுத்துக்கொண்டு, நல்ல உடுப்பில், நிதானமாகப் போனேன்.

கதவு திறந்தது. நீள அங்கியில் பாதிரி ஹாலெட் நின்றார். படி நிறையத் தட்டுகள்.

"இன்னைக்கு என்ன மீன் ஐயா?" என்று கேட்டேன்.

அவர் தட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "மீன் ஒண்ணும் இல்லைங்க அம்மா," என்றார்.

"அப்புறம் எதுக்குக் கூப்பிட்டீங்க?"