கடைசி அலையைக் குறைத்தவள்

"மறுபடியும் கடைசி அலையில தோத்துட்டேன்டி. இந்த விரிஞ்சி மனுசனே இல்ல" என்றாள் ரெனிட்டா. சாப்பாட்டு டப்பாவை அவள் இன்னும் திறக்கவில்லை.

பாரதி தயிர்சாதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். விரிஞ்சி அவள்தான். சொந்த ஊர் விரிஞ்சிபுரம் என்பதால் வைத்துக்கொண்ட பெயர். அது யாருக்கும் தெரியாது.

இருவருக்கும் ஆம்பூரில் ஒரே ஷூ கம்பெனி. சோதனைக்கூடத்தில் தோலை வெடிப்பு விழும்வரை மடித்துப் பார்ப்பது பாரதியின் வேலை. வீட்டில் ஒரு கோபுர விளையாட்டுக்கு மோட் செய்வாள். எதிரிகள் அலை அலையாக வருவார்கள். வழியோரம் கோபுரங்கள் வைத்து, அவர்கள் வாசலைத் தொடும் முன் அழிக்க வேண்டும். அசல் விளையாட்டு சலித்துப்போன ரசிகர்கள் அதையே மாற்றி, இன்னும் கடினமாக்கி வெளியிடுவதற்குத்தான் மோட் என்று பெயர். விரிஞ்சியின் மோடைப் போலக் கடினமானது அந்த ரசிகர்களின் ஆன்லைன் குரூப்பில் வேறில்லை.

செய்தவர் முதலில் தானே ஜெயித்து வீடியோ போட வேண்டும் என்பது குரூப்பின் வழக்கம். பாரதியும் போட்டிருந்தாள். அந்த ஒரு ஆட்டத்துக்கு மட்டும் கோபுரங்களின் பலத்தை இரட்டிப்பாக்கியிருந்தாள். பார்ப்பவர்களுக்கு அது தெரியாது.

"செஞ்ச ஆளே ஜெயிச்சுட்டான். அப்போ முடியும்தானே? எனக்குத்தான் மூளை கம்மி" என்றாள் ரெனிட்டா.

பாரதியால் சாப்பிட முடியவில்லை. அன்று வீட்டுக்குப் போனதும், கடைசி அலையில் வரும் அரக்கனின் உயிரைப் பாதியாகக் குறைத்தாள். 'சிறு திருத்தங்கள்' என்று மட்டும் எழுதிப் புதிய ஃபைலை வெளியிட்டாள்.

அடுத்த வாரம் ரெனிட்டா ஜெயித்தாள். குரூப்பில் வீடியோ போட்டாள். கேன்டீனுக்கு இனிப்பாக ஒரு பெட்டி மக்கன் பேடா கொண்டுவந்தாள்.

கட்டிங் செக்‌ஷன் அப்துல் கஃபாரும் குரூப்பில் இருப்பவர். ஒரு பேடாவை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"பேடா ஜோர். ஒண்ணு சொல்றேன், பேஜாராவாத. பழைய ஃபைலையும் புதுசையும் பக்கத்துல வெச்சுப் பாத்தேன். அரக்கனுக்கு உயிர் பாதி கம்மி. யாரோ விரிஞ்சிகிட்ட அழுதிருக்காங்க. நீயா அது?"

மேசையில் சிரித்தார்கள். ரெனிட்டாவும் சிரிக்கப் பார்த்தாள். பிறகு எழுந்து கை கழுவும் இடத்துக்குப் போனாள்.

பாரதி பின்னாலேயே போனாள்.

"விரிஞ்சி நான்தான்" என்றாள்.

ரெனிட்டா குழாயை மூடினாள்.

"பழசை நீ ஜெயிச்சியே."

"இல்ல. அந்த வீடியோ பொய்."

"தினமும் என் பக்கத்துலதானே உக்காந்திருந்தே?"

பாரதி தலையாட்டினாள்.

"பாவம் பாத்து அரக்கன் உயிரைக் கொறச்சியா?"

பாவமா, பொய் வெளியே வந்துவிடுமோ என்ற பயமா என்று பாரதிக்கே தெரியவில்லை.

"என்கிட்ட சொல்லி இன்னா பிரயோஜனம்? அங்க போய்ச் சொல்லு."

தண்ணீர் கேட்பதைத் தவிர பாரதி அந்த மேசையில் வாய் திறந்ததில்லை. போய் நின்றாள். "கஃபார் பாய்" என்றாள். யாரும் திரும்பவில்லை. மறுபடியும் கூப்பிட்டாள்.

"இன்னாம்மா, பேடா வேணுமா?" பெட்டியை அவள் பக்கம் தள்ளினார்.

"விரிஞ்சி நான்தான்."

முன்னைவிடப் பெரிதாகச் சிரித்தார்கள். "இந்தப் பொண்ணுக்குக் கூட ஜோக்கு வருதுப்பா" என்றார் கஃபார். பாரதி கைபேசியில் தன் கணக்கைத் திறந்து அவர் முன்னால் வைத்தாள். அவர் படித்தார். சிரிப்பு நின்றது.

"பழசை யாரும் ஜெயிக்க முடியாது. என் வீடியோ பொய். புதுசையும் நான் இன்னும் ஜெயிக்கல" என்றாள்.

கஃபார் கைபேசியைத் திருப்பிக் கொடுத்தார். "அப்போ, ஒழுங்கா ஜெயிச்சது ரெனிட்டா ஒருத்திதான்."

ரெனிட்டா வந்து பெட்டியை எடுத்தாள். சாப்பிட்டவர்களுக்கும் மறுபடி முதலிலிருந்து நீட்டிக்கொண்டே வந்தாள். கஃபார் இரண்டாவது எடுத்தார். பாரதியும் கையை லேசாகத் தூக்கினாள். பெட்டி அவளைத் தாண்டி அடுத்த ஆளிடம் போனது.