பொழுது போனபின் எடுக்காத காட்சி

1

1986 ஜனவரி 12. திண்டிவனத்தை அடுத்த மேல்சித்தாமூரில் மாலை ஆறு மணிக்குச் சூரியன் மறைந்தது.

இந்தக் கதையில் அந்த வரி மட்டும்தான் நிஜம். மற்றதெல்லாம் கற்பனை. முதலில் இப்படித் தொடங்கினேன்: 'லண்டனில் பிறந்த சாந்திமதி தன் வேர்களைத் தேடி...'

விட்டுவிட்டேன். வேர் தேடுகிறவர்கள் மறுநாளே திரும்பும் விமானத்துக்கு டிக்கெட்டோடு வரமாட்டார்கள். அவள் வந்தது படம் எடுக்க. கடல் கடந்த குடும்பங்கள் எதைக் கையோடு கொண்டுபோயின என்று சொந்தச் செலவில் ஒரு படம்.

2

அவள் அப்பா வீரசேனன் சமணர். பொழுது சாய்ந்தால் சாப்பிடமாட்டார்.

[அடிக்குறிப்பாக வர வேண்டியது: குளிர்காலத்தில் லண்டன் சூரியன் நாலு மணிக்கே போய்விடும். பஸ் டிப்போவில் அவர் அதற்குள் டிபன் டப்பாவைத் திறப்பார். கூட வேலை செய்தவர்கள் சிரிப்பார்கள்.]

யாரும் சிரிக்காத ஊரில், அவர் தங்கை பத்மாம்பாள் அதே போல் பொழுதோடு சாப்பிடுவதுதான் படத்தின் கடைசிக் காட்சி. ஒரே ஒரு பிலிம் சுருள் மிச்சம்.

3

சாந்திமதி மஞ்சள் வெயிலுக்காகக் காத்திருந்தாள். வெளிச்சம் படாத கறுப்புப் பைக்குள் கையை விட்டுக் கேமராவில் சுருளை மாட்டி நிமிர்ந்தபோது, அத்தை தோசையை முடித்து வாய் கொப்பளித்திருந்தாள். வெளியே பொழுது போயிருந்தது.

"இன்னும் ஒரே ஒரு வாய், அத்தை. கேமராவுக்காக."

"கேமராவுக்குப் பசிச்சா நீயே ஊட்டிவுடு கண்ணு."

டேப் ரிக்கார்டரைப் பிடித்திருந்த அத்தை மகன் பார்சுவநாத் வழி சொன்னான். வெறும் கையை வாய்க்குக் கொண்டுபோனால் போதும், லண்டனில் யாருக்குத் தெரியும் என்றான்.

"எங்கண்ணன் பாப்பாரு இல்ல? பல்பு எரிஞ்சிக்கினு கீது, தங்கச்சி துன்னுக்கினு கீறான்னு?"

4

இந்த இடத்தில் பத்மாம்பாளை இணங்கவைத்து ஒரு வரைவு எழுதினேன். வெறும் கை வாயருகே போயிற்று, கேமரா ஓடியது, சாந்திமதி

[அவள் அதைப் படம்பிடிப்பாள் என்று என்னால் நம்ப முடியவில்லை.]

மறுநாள் காலை அத்தை சாப்பிடும்போது எடுத்து, அந்த வெயிலை மாலை வெயிலாகக் காட்டலாமே என்று நீங்கள் கேட்கலாம். உங்கள் கதையில் காட்டுங்கள். இந்தக் கதையில் அவள் வாதாடவில்லை. மாதக்கணக்காக மனதில் வைத்திருந்த காட்சியை அந்த நிமிடமே கைவிட்டாள். அத்தை தன் அண்ணனைப் பற்றி இப்போது சொன்னதைக் கேமரா முன்னால் மறுபடி சொல்ல முடியுமா என்று மட்டும் கேட்டாள்.

"அதச் சொல்றதுக்கு இன்னா. நெசந்தானே."

பல்பு வெளிச்சத்தில் சுருள் தீரும்வரை எடுத்தாள்.

வீரசேனன் பார்த்துவிட்டு மகளிடம் என்ன சொன்னார் என்பதை நான் எழுதப்போவதில்லை. நீங்கள் எழுதிக்கொள்ளலாம். படம் அடுத்த ஆண்டு லண்டனில் ஒரு சிறிய அரங்கில் திரையிடப்பட்டது. சாப்பிடும் காட்சி அதில் இல்லை.