மாமனார் பேருக்கு ஆதாரம்

பிள்ளை பிறந்து மூன்று மாசமாகியும் பேர் இல்லை. அப்பன்காரனுக்கு வேலையே பேர் பார்ப்பதுதான் என்றால் எவனாவது நம்புவானா? மதுரையில் குழந்தைப் பேர்கள் போடுகிற ஒரு ஆப் கம்பெனியில் அருள்பாண்டிக்கு உத்தியோகம். எந்தப் பேர் எந்த மொழி, சொல்லும் அர்த்தம் மெய்யா பொய்யா என்று ரெண்டு ஆதாரம் பார்த்துத்தான் ஏற்றுவான். அந்த வியாதியை வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டான்.

அவன் பெண்டாட்டி ரோகிணி ஆசை ஆசையாகக் கொண்டுபோன பேரெல்லாம் அடிபட்டுத்தான் திரும்பின.

“‘ரியான்விக்’னா சூரியனோட முதல் கதிராம், மச்சான்.”

“எவன் சொன்னான்? எந்த அகராதியிலயும் இல்ல. ஒருத்தன் கதிருங்கிறான், இன்னொருத்தன் கிரேக்கத்துல வீரன்கிறான். எவனோ உக்காந்து அடிச்சுவிட்டது.”

“நீங்க பாத்து முடிக்கிறதுக்குள்ள இவனுக்கு மீசை முளைச்சிரும்.”

அப்பா பேரை வைக்கத்தான் மற்றதையெல்லாம் தட்டிக்கழிக்கிறானோ என்று அவளுக்கு உள்ளூரச் சந்தேகம். மூத்த பேரனுக்குத் தாத்தா பேர் வைப்பது அவர்கள் வழக்கம். அதற்கென்றே மாமனார் நல்லகாமன் பேரையூரிலிருந்து திருப்பரங்குன்றம் வீட்டுக்கு வந்து உட்கார்ந்திருக்கிறார். மாமனார் பேரை மருமகள் வாயால் சொல்லக் கூடாது என்பதும் அதே வழக்கம்தான். ரேஷன் கடையில் கேட்டால்கூட ரோகிணி கார்டைத்தான் நீட்டுவாள். அந்தப் பேரை வைத்துவிட்டால், பெற்ற பிள்ளையை ஆயுசுக்கும் ‘இந்தா, ஏய்’ என்றா கூப்பிடுவது? நினைக்கும்போதே ஆற்றாமையாக வந்தது.

“அப்ப உங்க அப்பா பேரையும் பாருங்க. அதுக்கும் ரெண்டு ஆதாரம் வேணும். இல்லாட்டி அழுகுணி ஆட்டம்” என்றாள்.

அருள்பாண்டி நேர்மையான ஆள். அவனிடம் உள்ள கோளாறே அதுதான். ஞாயிற்றுக்கிழமை முழுக்கத் தேடினான். பெரியவர் பேரனை மடியில் போட்டுக்கொண்டு ஓரக்கண்ணால் பார்த்தபடி இருந்தார்.

“ஒண்ணுகூடச் சிக்கல, ரோகிணி. ஊருல ஆளுக்கொரு கதை சொல்றாங்க. இதுவும் தேறாது” என்றான். பெத்த அப்பனை முன்னால் வைத்துக்கொண்டு!

ரோகிணி ஜெயித்துவிட்டாள். ஆனால் பெரியவர் முகம் சுண்டிப்போனதைப் பார்த்ததும் அவளுக்குச் சந்தோஷமே வரவில்லை.

“விடுங்கப்பா, வேற பேரே வையுங்க” என்றார் அவர். “அர்த்தம் எனக்கும் தெரியாது. எங்காத்தா தெருமுக்குல நின்னு கூப்பிட்டா ஊருக்கே கேக்கும். அது போனதுக்கப்புறம் எல்லாருக்கும் நான் அப்பா, மாமா, பெருசு. பேரச் சொல்ல பேங்க்ல ஒருத்தன் இருக்கான், அவனும் அதக் கொலை பண்ணித்தான் சொல்லுவான். வீட்டுக்குள்ள மறுபடி கேக்கலாமேன்னு நெனச்சேன், அம்புட்டுத்தேன்.”

பிள்ளையை அவளிடம் கொடுத்துவிட்டு, வாசலுக்குப் போய்ச் செருப்பைத் தேடினார்.

ரோகிணிக்குக் கோபம் வந்தது, யார்மேல் என்றுதான் தெரியவில்லை. பிள்ளையைத் தூக்கித் தோளில் போட்டாள்.

“டேய் நல்லகாமா! தாத்தா கோவிச்சுக்கிட்டுப் போறாரு, ஓடிப் போயிப் பிடிடா!”

அருள்பாண்டி வாயைப் பிளந்தான். சொன்ன வாயை அவளே பொத்திக்கொண்டாள்.

ஒரு கால் செருப்போடு பெரியவர் அப்படியே நின்றார். திரும்பவில்லை. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

“சத்தம் பத்தல, தாயி” என்றார்.